ஆறு பேருக்கு மேல் வேண்டாம்: கொழும்பின் ஒழுங்கைகளில் பன்சலையும் கோயிலும் நடந்து பார்க்க

நான் முதன்முதல் ஆட்களைக் கூட்டிக்கொண்டு ஒரு பன்சலைக்கு, அதாவது பௌத்த விகாரைக்கு, போன அன்று எங்களோடு பதினான்கு பேர். நேரம் பகல் பதினொன்றேகால். அது பிக்குமார் தானத்துக்கு, அதாவது பகல் சாப்பாட்டுக்கு, அமரும் நேரம் என்று எனக்குத் தெரியாமலில்லை; மணிக்கூட்டைப் பார்க்கத்தான் மறந்துபோனேன். முன்னால் நின்றவர்களுக்கு நான் சொன்னது கேட்டது. பின்னால் நின்றவர்கள் காணி விலை கதைத்துக்கொண்டிருந்தார்கள். ஒருவர் புத்தர் சிலைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு செல்ஃபி எடுத்தார். உள்ளேயிருந்து ஒரு சின்னச் சாமணேரர், இளம் துறவி, வந்து, முகத்தில் கோபமே இல்லாமல், "மஹத்தயா, பொட்டக் பஸ்ஸே என்ன" என்றார். கொஞ்சம் பிந்தி வரட்டாம். பதினான்கு பேரும் செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு வெளியேற இருபது நிமிடம் பிடித்தது.

திரும்பவும் நான் சரியாகச் செய்யப் பழகியது டோக்கியோவில். 2018 இல் அக்காவின் மகனைப் பார்க்கப் போயிருந்தபோது யனக்கா என்ற பழைய பகுதியில் ஒரு நடைக்குக் கூட்டிப்போனான். 1923 பூகம்பத்துக்கும் போர்க்கால விமானக் குண்டுகளுக்கும் பெரிதாக அகப்படாமல் தப்பிய இடம். எழுபது அளவில் புத்த கோயில்கள், அவற்றுக்கிடையே சின்னச் சின்ன ஷிண்டோ சந்நிதிகள், ஒழுங்கைகளில் பூச்சட்டியும் பூனையும். வழிகாட்டி ஓய்வுபெற்ற ஒரு யப்பானியப் பெண்மணி. மூன்று மணித்தியாலத்தில் நாலைந்து இடம்தான் காட்டினார். கல்லறைத் தோட்டத்தின் நடுவே வெறும் அத்திவாரக் கற்கள் கிடந்த ஒரு சதுரத்தில் நிறுத்தினார், ஒன்றும் சொல்லவில்லை. நாங்கள் கற்களைச் சுற்றி நடந்து, எண்ணி, ஒருவரையொருவர் பார்த்தோம். நாலைந்து நிமிடம் போன பிறகுதான் வாயைத் திறந்தார்: இங்கே நின்ற ஐந்தடுக்குக் கோபுரம் 1957 இல் எரிந்துபோனது. அந்தக் கற்களை இப்போதும் என்னால் வரைந்து காட்ட முடியும். முதலிலேயே சொல்லியிருந்தால் தலையை ஆட்டிவிட்டு அடுத்த இடத்துக்குப் போயிருப்போம்.

நில அளவைத் திணைக்களத்தில் 31 வருடம் படவரைஞராக இருந்தவன் நான். வரைபடத்தில் எதை விடுவது என்பதுதான் அந்தத் தொழிலில் முதலில் பழக்குவது. ஆனாலும் இந்த விஷயம் எனக்கு அறுபது வயதுக்குப் பிறகுதான் விளங்கியது.

இனி உங்களுக்கு. உங்கள் பகுதியிலேயே இப்படி ஒரு நடையை நடத்த நினைக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம்.

ஆட்கணக்கை முதலில் முடிவுசெய்யுங்கள். உங்களோடு சேர்த்து ஆறு. இதற்குத் தத்துவம் ஒன்றுமில்லை: ஒரு ஓட்டோவில் மூன்று பேர்தான் ஏறலாம், மழை பிடித்தால் இரண்டு ஓட்டோவில் எல்லோரும் தப்பிவிடலாம். ஏழாவது ஆள் வந்தால் மூன்றாவது ஓட்டோ, அதைத் தேடப் பத்து நிமிடம், அதற்குள் எல்லோரும் நனைந்தாகிவிடும். ஆறு பேர் என்றால் கொழும்பு நடைபாதையில் இரண்டிரண்டாக நடக்கலாம், நீங்கள் குரலை உயர்த்தத் தேவையில்லை, பன்சலை முற்றத்தில் ஒரு மரநிழலுக்குள் அடங்கிவிடுவீர்கள். "என்ர மச்சாளும் வரட்டே" என்று கடைசி நேரத்தில் போன் வரும். அடுத்த மாதம் வரட்டும் என்று சொல்லிவிடுங்கள்.

அடுத்தது வீதி. பெயர்பெற்ற இடங்களை விட்டுவிடுங்கள். கங்காராமயவை நான் சேர்ப்பதில்லை. அங்கே பஸ்பஸ்ஸாக வந்து இறங்குகிறார்கள், அதற்கு என் உதவி தேவையில்லை. பெய்ரா வாவிக்குள் இருக்கும் சீமா மாலகய என்ற பௌத்த மண்டபத்தை மட்டும் ஒருநாள் பின்னேரம் தனியாகப் போய்ப் பாருங்கள். 1976 இல் கட்டடக் கலைஞர் ஜெஃப்ரி பாவா வடிவமைத்தது. அதற்குப் பணம் கொடுத்தவர் மூசாஜி என்ற முஸ்லிம் வர்த்தகர், இறந்த தன் மகனின் நினைவாக. இது தெரியாமல் அங்கே படமெடுத்துக்கொண்டு போகிறவர்கள்தான் அதிகம்.

தொடங்குகிறவர்களுக்கு பம்பலப்பிட்டி வஜிரா வீதியைத்தான் சொல்வேன். ஒரே வீதியில் வஜிரா பிள்ளையார் கோயிலும் வஜிராராமயவும். வெள்ளவத்தை, பம்பலப்பிட்டித் தமிழருக்கு அந்தப் பிள்ளையார் சொந்தக்காரர் மாதிரி. சோதனைக்கும் கலியாணத்துக்கும் விசாவுக்கும் அவரிடம்தான் தேங்காய் உடைக்கிறோம். அதே வீதிப் பன்சலைக்குள் கால் வைத்தவர்கள் எத்தனை பேர்? என்னோடு வந்த ஒரு அக்கா நாற்பது வருடமாக அவ்வழியால் சந்தைக்குப் போகிறவர். மதிலைத்தான் தெரியும் என்றார். அந்த மதிலுக்குள் வாழ்ந்தவர் நாரத தேரர், 1898 இல் பிறந்து 1983 இல் மறைந்தவர். 1934 இல் இந்தோனேசியாவுக்குப் போய் பொரோபுதூர் என்ற பழைய பௌத்த ஆலயத்தில் அரசங்கன்று நட்டார். 1950 இல் இரண்டு ஆங்கிலேயர்கள், ஞாணமோலி, ஞாணவீர என்ற பெயர்களில், பிக்குகளானதும் இங்கேதான். உள்ளே பகட்டு ஒன்றுமில்லை. மணல், மரம், காக்கை, கூட்டித் துப்புரவாக்கிய முற்றம். அதனால்தான் முதல் நடைக்கு நல்லது.

வீதியைத் தெரிந்த பிறகு நீங்கள் மட்டும் இரண்டு தரம் போங்கள். ஒன்று நடை நடக்கப்போகும் அதே கிழமை, அதே நேரத்தில். கோயில்கள் மத்தியானப் பூசையோடு பூட்டிப் பின்னேரம்தான் திறக்கும். பன்சலை பகல் முழுக்கத் திறந்திருக்கும், ஆனால் பதினொன்றிலிருந்து பன்னிரண்டு வரை பக்கமும் போகாதீர்கள், காரணத்தை மேலே சொல்லிவிட்டேன். ஞாயிறு காலை தஹம் பாசல் என்ற அறநெறிப் பாடசாலை, வெள்ளை உடுப்புப் பிள்ளைகளால் முற்றம் நிரம்பியிருக்கும். போயா என்ற பௌர்ணமி நாளில் சில் விரதம் எடுத்தவர்கள் நாள் முழுக்க அமர்ந்திருப்பார்கள். அவர்களுக்கு நடுவே போய் நீங்கள் வரலாறு சொல்வது அழகில்லை. சுற்றிச் சுற்றி வந்தால் எஞ்சுவது கிழமை நாள் அல்லது சனி, பின்னேரம் நாலரை. வெயில் தணிந்து, கோயில் திறந்து, ஆறு மணிக்குப் பன்சலையில் மாலைப் பூசை தொடங்கும்போது நடை முடியும். மாதங்களில் தை, மாசி உத்தமம். சித்திரையிலும் ஐப்பசியிலும் பின்னேரம் இடி முழங்கும்.

இரண்டாவது தரம் போவது அனுமதி கேட்க. வழிபட வருகிறவர்களிடம் யாரும் ஒன்றும் கேட்பதில்லை, உண்மைதான். ஆனால் ஆட்களோடு வந்து நின்று கதைக்கப்போகிறீர்கள் என்றால் பொறுப்பான பிக்குவிடம் ஒரு சொல் சொல்லுங்கள். "அவசரயி ஸ்வாமீனி" என்று தொடங்குங்கள். சிங்களத்தில் 'அவசர' என்றால் அனுமதி. நமக்கு அவசரம் என்றால் அந்தரம், பரபரப்பு. ஒரே சொல் பாக்கு நீரிணையைத் தாண்டி இப்படிப் பிரிந்துபோனது எனக்கு இன்னும் சிரிப்பாக இருக்கும். கைகொடுக்கப் போகாதீர்கள், கைகூப்பினால் போதும். அவர் அமர்ந்திருக்கும் கதிரைக்குச் சமமான உயரத்தில் உட்காராதீர்கள். பெண்கள் எதையும் பிக்குவின் கையில் நேரே கொடுக்காமல் மேசையில் வைப்பது நல்லது. எத்தனை பேர், எத்தனை மணிக்கு, என்ன மொழியில் கதைப்பீர்கள் என்று சொல்லுங்கள். தமிழில் என்று நான் தயங்கித் தயங்கிச் சொன்ன முதல் தடவை, அந்தப் பிக்கு கேட்டது ஒன்றே ஒன்று: "அவர்களுக்குத் தேநீர் போட வேண்டுமா?"

வருகிறவர்களுக்கு முதல்நாளே சொல்ல வேண்டியவை சில உண்டு. வெள்ளை அல்லது வெளிர்நிற உடுப்பு, தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும். செருப்போடு தொப்பியும் வாசலில் கழற்ற வேண்டும். நாலரைக்கும் கல் சுடும். பாதம் தாங்காதவர்கள் சொக்ஸ் போட்டு வரட்டும். சில கோயில்களில் ஆண்கள் மேற்சட்டையைக் கழற்ற வேண்டும், அதையும் முன்னரே சொன்னால் உள்ளே பெனியன் போடுவதா விடுவதா என்ற பிரச்சினை இல்லை. பெரிய முதுகுப்பை வேண்டாம். 2019 உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்புகளுக்குப் பிறகு வழிபாட்டிடங்களில் பெரிய பையைக் கண்டால் எல்லோர் மனதும் ஒருகணம் திடுக்கிடும். காவலாளி பையைத் திறக்கச் சொன்னால் முகத்தைச் சுளிக்காமல் திறந்து காட்டுங்கள்.

புத்தர் உருவம் போட்ட சட்டை, பச்சை குத்தல் எதுவும் வெளியே தெரியக் கூடாது. 2014 இல் கையில் புத்தரைப் பச்சை குத்தியிருந்த ஒரு பிரித்தானியப் பெண்ணை விமான நிலையத்தில் பிடித்து நாடு கடத்தினார்கள். 2017 இல் உச்ச நீதிமன்றம் அவருக்கு நட்டஈடு கொடுக்கச் சொன்னது என்பது வேறு விஷயம். நட்டஈடு கிடைக்கும்வரை மூன்று வருடம் காத்திருக்க உங்களோடு வருகிறவர்கள் விரும்ப மாட்டார்கள்.

பூ வாங்குவது பற்றி. பன்சலை வாசலில் தாமரை, அல்லி, அரலி எல்லாம் விற்பார்கள். ஆளுக்கொரு பூ வாங்கிக் கொடுங்கள், கை சும்மா இராது, கையிலுள்ள போனும் பைக்குள் போய்விடும். மணந்து பார்க்கக் கூடாது என்று நான் சொல்லத் தொடங்குவதற்கு முன்பே நம் ஆட்களுக்குத் தெரிந்திருக்கும்; சாமிக்கு வைக்கும் பூவை மணக்காதே என்று அடி வாங்கி வளர்ந்தவர்கள்தானே.

உள்ளே போனதும் வலம்வரும் ஒழுங்கு நம்முடையதேதான்: வலப்பக்கம் சந்நிதி இருக்க நடப்பது. முதலில் தாதுகோபுரம், பிறகு அரசமரம், பிறகு புத்தர் சிலை இருக்கும் படிமனை. கடைசியில் தெய்வங்களுக்கான தேவாலயம். இந்த வரிசையை மாற்றாதீர்கள், அனுபவத்தில் சொல்கிறேன். கொழும்புப் பன்சலைகள் பலவற்றில் ஒரு மூலையில் விஷ்ணு, கதிர்காமக் கந்தன், பத்தினி என்று நம் ஆட்கள் இருப்பார்கள். முதலில் அங்கே போனால் முடிந்தது. பத்தினித் தெய்யோ என்பது நம்முடைய கண்ணகி என்று கேட்டவுடன் அம்மாமாருக்குக் கண் கலங்கும், கற்பூரம் தேடுவார்கள், அங்கே பூசை செய்யும் கப்புறாளையோடு கதை தொடங்கும், புத்தரைப் பார்க்காமலே பொழுதுபட்டுவிடும்.

யனக்காவில் என் மருமகன் சொன்ன ஒன்று இங்கே பொருந்தும். யப்பானிலும் புத்தரும் ஊர்த் தெய்வங்களும் ஆயிரம் வருடத்துக்கு மேல் ஒரே வளவுக்குள் இருந்தவர்கள். 1868 இல் மெய்ஜி அரசு கட்டளை போட்டுப் பிரித்தது. இன்று ஷிண்டோ சந்நிதியில் தோரி வாசலால் நுழைந்து, கையும் வாயும் கழுவி, இரண்டு தரம் குனிந்து, இரண்டு தரம் கைதட்டி, மறுபடி ஒரு தரம் குனிய வேண்டும். புத்த கோயிலில் கைதட்டக் கூடாது, சும்மா கூப்பினால் போதும். எங்கே எதைச் செய்வது என்று தெரியாமல் நான் புத்தருக்கு முன்னால் கைதட்டிவிட்டேன். எங்கள் வழிகாட்டி அம்மா பார்க்காத மாதிரி நின்றார். உங்கள் குழுவில் யாராவது பிழைவிட்டால் நீங்களும் அப்படியே நில்லுங்கள். சிலைக்கு முதுகு காட்டிப் படமெடுப்பது மட்டும் விதிவிலக்கு; அதை உடனே, மெல்லிய குரலில், தோளைத் தொட்டு நிறுத்த வேண்டும்.

"நாங்கள் உள்ளே போகலாமோ?" இந்தக் கேள்வி ஒவ்வொரு நடையிலும் வரும், பெரும்பாலும் ஐம்பது தாண்டியவர்களிடமிருந்து. சோதனைச்சாவடியில் அடையாள அட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு நின்ற காலத்தின் மிச்சம் அது. அதற்கு நீண்ட பதில் சொல்லாதீர்கள். "போகலாம், செருப்பைக் கழற்றுங்கோ" என்று சொல்லிவிட்டு முதலில் நீங்கள் நடவுங்கள்.

இரண்டாவது நடைக்குப் பொரளை. கோதமி விகாரை. ஒழுங்கைக்குள் புகுந்தால் பொரளைச் சந்தியின் இரைச்சல் அப்படியே அடங்கிவிடும். படிமனைச் சுவர்களில் ஜோர்ஜ் கீற் 1939, 1940 இல் வரைந்த புத்தர் சரிதம் இருக்கிறது. கண்டிப் பறங்கிக் குடும்பத்தில் பிறந்தவர், பின்னாளில் '43 குழு என்ற ஓவியர் கூட்டத்தில் ஒருவர். நீண்ட கண்கள், உருண்ட தோள்கள், தயக்கமில்லாத கனத்த கோடு. கோடு போட்டே வயிறு வளர்த்தவன் சொல்கிறேன், அப்படி ஒரு கோட்டை இழுப்பதற்குக் கை மட்டும் போதாது. புத்தரின் தவத்தைக் கலைக்க மாரன் படையோடு வரும் காட்சிக்கு முன்னால் பத்து நிமிடமாவது நிற்க வேண்டும். இங்கே நான் ஒரு வார்த்தை பேசுவதில்லை. ஐந்து பேரையும் உள்ளே விட்டுவிட்டு வாசலில் செருப்புகளுக்குப் பக்கத்தில் இருந்துவிடுவேன். அவர்கள் வெளியே வந்து கேட்பதற்குத்தான் பதில். யார் வரைந்தது என்று கேட்டால் கீற் பற்றி. ஏன் இந்தப் பெண்கள் நம் கோயில் சிற்பம் மாதிரி இருக்கிறார்கள் என்று கேட்டால் அது வேறு கதை, அதற்குத் தேநீர்க்கடை வேண்டும். ஒன்றும் கேட்காவிட்டால் ஒன்றும் சொல்வதில்லை.

ஹவ்லொக் டவுனில் இசிபதனாராமயவும் நல்லதுதான், சுருக்கமாகச் சொல்கிறேன். 1915 சிங்கள-முஸ்லிம் கலவர காலத்தில் இராணுவச் சட்டத்தின் கீழ் சுட்டுக்கொல்லப்பட்ட ஹென்றி பேத்ரிஸ் என்ற இளைஞனின் நினைவாக அவன் தகப்பன் 1916 இல் கட்டியது. அந்த இராணுவச் சட்டக் கொடுமைகளைச் சட்டநிரூபண சபையில் எதிர்த்துப் பேசியவர் பொன்னம்பலம் இராமநாதன். கொச்சிக்கடைப் பொன்னம்பலவாணேஸ்வரர் கோயிலைத் தகப்பனுக்குப் பிறகு கருங்கல்லில் எடுப்பித்தவரும் அவரே. இந்தப் பன்சலையையும் அந்தக் கோயிலையும் இணைக்கும் நூல் இது. ஆனால் இரண்டையும் ஒரே நாளில் நடக்க முயலாதீர்கள்.

கொட்டாஞ்சேனையை அமைதியான இடம் என்று எழுதினால் அங்கே பிறந்தவர்கள் சிரிப்பார்கள். நானும் அங்கே பிறந்தவன்தான். மேலே சொன்ன கிழமைக் கணக்கு இங்கே பொருந்தாது; ஞாயிறு பின்னேரம் மட்டும் கடைகள் பாதி பூட்டி, லொறிகள் ஓய்ந்து, நடக்கக்கூடியதாக இருக்கும். இது பழகியவர்களுக்கான நடை. ஏனென்றால் இங்கே கதையில் இரத்தம் இருக்கிறது. தீபதுத்தமாராமய கொழும்பின் பழைய விகாரைகளில் ஒன்று. 1873 பாணந்துறை வாதத்தில் கிறிஸ்தவப் போதகர்களோடு மோதிய குணானந்த தேரர் இருந்த இடம். 1883 உயிர்த்த ஞாயிறன்று இந்த விகாரையை நோக்கி வந்த ஊர்வலம் சாந்த லூசியா தேவாலயப் பக்கத்தில் தாக்கப்பட்டது. அதன் பின்விளைவுகளில் ஒன்றாகவே புத்தர் பிறப்பைக் கொண்டாடும் வெசாக் பொது விடுமுறையானது. 1885 வெசாக் தினத்தில் இன்று நாம் எங்கும் காணும் பௌத்த கொடி இதே முற்றத்தில் குணானந்தரின் கையால் ஏற்றப்பட்டது. உள்ளே நிற்கும் தாய்லாந்துப் பாணித் தாதுகோபுரத்துக்கும் ஒரு கதை உண்டு: சீயத்தின், அதாவது இன்றைய தாய்லாந்தின், தூதராக ஐரோப்பாவில் இருந்து, பிறகு இலங்கையில் ஜினவரவங்ச என்ற பெயரில் துறவியான பிரிஸ்டாங் இளவரசர் எழுப்பியது.

1883 கதையை எங்கே நின்று சொல்வது? பன்சலைக்குள் சொன்னால் ஒரு பக்கம் சாய்ந்த மாதிரி, தேவாலய வாசலில் சொன்னால் மறுபக்கம். நான் இரண்டுக்கும் நடுவில், வீதியோரம் ஒரு மதில் நிழலில் நின்று சொல்வேன். யார் முதலில் கல்லெறிந்தது என்று யாராவது கேட்பார்கள். அதற்கு அன்றைக்கே விசாரணை வைத்தும் சண்டை தீரவில்லை என்று சொல்லிவிட்டு நடையைத் தொடருங்கள். சாந்த லூசியாவுக்குள் ஐந்து நிமிடம் இருந்து, பிறகு கொச்சிக்கடைப் பக்கம் இறங்கினால் பொன்னம்பலவாணேஸ்வரரின் கருங்கல் தூண்களுக்குள் குளிர்ச்சியாக முடிக்கலாம்.

பணம் பற்றி ஒரு சொல். நான் யாரிடமும் வாங்குவதில்லை. விரும்பியதை உண்டியலில் போடச் சொல்வேன். நீங்கள் கட்டணம் வாங்கி வெளிநாட்டுச் சுற்றுலாப் பயணிகளைக் கூட்டிப்போவதென்றால் இலங்கைச் சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையின் வழிகாட்டி அனுமதிப்பத்திரம் வேண்டும். அதில்லாமல் இறங்காதீர்கள்.

நடை முடிந்ததும் எல்லோரையும் அப்படியே கலைத்துவிடாமல் பக்கத்துக் கடையில் பிளேன்டீக்கு இருத்துங்கள். அங்கேதான் உண்மையான கேள்விகள் வரும். அடுத்த நாளோ அதற்கடுத்த நாளோ விளக்குக்கு ஊற்றும் எண்ணெய் ஒரு போத்தலோடு பன்சலைக்குத் தனியாகப் போய்ப் பிக்குவுக்கு நன்றி சொல்லிவிட்டு வாருங்கள். அடுத்த தடவை அனுமதி கேட்பது சுகம். போன மாதம் நான் அப்படிப் போனபோது அவர் கேட்டார்: மாரன் படத்துக்கு முன்னால், மற்றவர்கள் வெளியே வந்த பிறகும், கையைக் கட்டிக்கொண்டு நின்ற நீலச்சேலை அம்மா எந்த ஊர்? எனக்குத் தெரியவில்லை. நான் வாசலில் செருப்புகளோடு இருந்தேன். வெள்ளவத்தையாக இருக்கும் என்றேன். "அப்படியென்றால் 154 பஸ்ஸில் வரலாம், நேரே" என்றார்.